நான்கு விரல் தடம்

காலமான ஒரு சேகரிப்பாளரின் வீட்டிலிருந்து எங்கள் காட்சியகத்துக்கு முப்பத்திரண்டு பீங்கான் ஜாடிகள் வந்தன. அட்டவணை எழுதுவது என் வேலை. அவற்றில் ஒன்றைக் காப்பாட்சியர் தன் மேசைக்கே எடுத்துக்கொண்டு போய்விட்டார். பழுப்பு நிற ஜாடி. அடிப்பக்கம் நான்கு விரல் தடங்கள். தலைகீழாகப் பிடித்து மெருகுக் கரைசலில் முக்கும்போது, விரல் இருந்த இடத்தில் மெருகு ஏறாமல் வெறும் மண்ணாக நின்றுவிட்டது.

அதைப் பற்றி ஒன்றரைப் பக்கம் எழுதியிருந்தார். பெயரை விரும்பாத கை, தன்னை மறந்த அழகு என்றெல்லாம். கடைசி வரி: செய்தவர், அறியப்படாத கைவினைஞர்.

தன்னை மறந்ததாம். பேர் என்னவென்று ஒருத்தரும் கேட்கவில்லை என்பதை இவ்வளவு அழகாகச் சொல்ல முனைவர் பட்டம் வேண்டும் போல.

மூன்று தடங்கள் ஒரே உயரத்தில் இருந்தன. ஆள்காட்டி விரலின் தடம் மட்டும் விளிம்போடு நின்றிருந்தது. அம்மாவின் அந்தக் குட்டை விரலை எனக்குத் தெரியும். சின்ன வயதில் கதவிடுக்கில் நசுங்கியது. என் கன்னத்தில் எத்தனையோ தடவை விழுந்திருக்கிறது. கோடுகள் ஒரே நீளத்தில் இருக்காது. கவிழ்த்துப் பார்த்தேன். அம்மா முப்பது வருடம் முக்குகிற வேலை பார்த்த ஆலையின் முத்திரை.

சண்டைக்குத் தயாராகத்தான் காப்பாட்சியரிடம் போனேன். மனுஷன் சண்டைக்கு இடமே கொடுக்கவில்லை.

"அட, அப்படியா? அப்ப அம்மா பேரையே போட்டுடலாம். வந்து பாத்து, என்னோடதுன்னு ஒரு கையெழுத்து போட்டாப் போதும். அடுத்த வாரம் அச்சுக்குப் போகுது, பாத்துக்கோங்க."

இதைச் சொல்லிச் சந்தோஷப்பட ஆளைத் தேடினேன். படித்ததில் எனக்குக் கிடைத்தது இதுதான்: வேலை செய்யும் இடத்தில் வீட்டைப் பற்றிப் பேச ஆளில்லை, வீட்டில் வேலையைப் பற்றிப் பேச ஆளில்லை. என் விடுதி அறையில் சுவர்தான் இருந்தது. அதனிடம் சொன்னேன்.

அம்மா இருப்பதில் நல்ல உடையில் வந்தாள். வாசலில் செருப்பைக் கழற்றப் போனாள்.

"போட்டுக்கம்மா. இது ஆபீஸ்தான்."

"தரை பளபளன்னு இருக்கேடி."

ஜாடிக்கு மேலே தனி விளக்கு. காப்பாட்சியர் தன் கையுறையைக் கழற்றி, "நீங்க தொடலாம்மா, உங்களுக்கு இல்லாத உரிமையா" என்றார். அம்மா தொடவில்லை. கைகளைப் பின்னால் கட்டிக்கொண்டு குனிந்தாள். அவள் காது சிவந்தது.

"என்னோடது இல்லைங்க ஐயா."

"அம்மா, அந்த விரலப் பாரு."

"இல்லைங்கறேன்ல. முப்பது பேரு முக்கினோம். யாரு கண்டா?"

காப்பாட்சியர் மரியாதையாகத் தேநீர் வரவழைத்தார். அம்மா ஒரே மடக்கில் குடித்துவிட்டு எழுந்தாள்.

பேருந்து நிறுத்தத்தில் நான் வாயைத் திறந்தேன். கொஞ்சம் கத்தினேன்தான்.

"பொய் சொல்ற. ஒரு கையெழுத்து. ஒரே ஒரு தடவை உன் பேரு ஒரு எடத்துல வரும். அதக்கூட வேணாம்னா எப்படி?"

"என்னோடதுதான்" என்றாள், சாலையைப் பார்த்தபடி. "வேலைக்குச் சேந்த மொத வாரம். நாலு விரல்ல பிடிக்கிறவ புதுசு. கைதேறினவளுக்கு மூணு போதும். முக்கினதும் ஈர விரலால அந்த எடத்தத் தொட்டு மூடிடணும். தடம் தெரியவே கூடாது. நான் மறந்துட்டேன். மேஸ்திரி எல்லாருக்கும் எதிர்ல தூக்கிக் காட்டினாரு. சிரிச்சாளுங்க. ஒடைக்கச் சொன்னாரு. எவனோ ஒடைக்காம வீட்டுக்குக் கொண்டுபோயிருக்கான், கழிசடை."

"அவங்களுக்கு அதுதாம்மா அழகு."

"அப்ப நீ அவங்களோட இரு." பேருந்துக்குச் சில்லறையை எண்ணி எடுத்தாள். "அதுக்கப்புறம் எத்தன ஆயிரம் முக்கியிருப்பேன். ஒண்ணுலயும் ஒரு தடம் கிடையாது. அதெல்லாம் விட்டுட்டு, தப்பா வந்த ஒண்ணத் தேடி எடுத்து வெளக்குப் போட்டு, அதுல என் பேரா? எழுதிப் பாரு. இந்தப் பக்கம் வரவே மாட்டேன்."

பேருந்து வந்தது. ஏறி, உட்கார இடம் கிடைத்ததும் ஜன்னல் வழியாக, "நேரத்துக்குச் சாப்புடு" என்றாள். அவ்வளவுதான்.

திரும்பிப் போனேன். காப்பாட்சியர் படிவத்தோடு காத்திருந்தார்.

"ஒரு வேள கூச்சப்படறாங்களோ? விரல் பொருந்துதே. நீங்களே உறுதி பண்ணிக் கையெழுத்து போட்டாலும் எனக்குச் சரிதான்."

பேனா என் கையில்தான் இருந்தது. அம்மா பெயரின் முதலெழுத்தை மனசுக்குள் எழுதியும் பார்த்துவிட்டேன்.

"எங்க அம்மா இல்ல சார். தப்பாச் சொல்லிட்டேன்."

அவர் முகம் வாடியது. பாவம், உண்மையாகவே வருத்தப்பட்டார். படிவத்தைக் கிழித்தார்.

மதியம் மற்றவர்கள் கூட்டமாகச் சாப்பிடப் போனார்கள். நான் கிடங்குக்குப் போனேன். மீதி முப்பத்தொரு ஜாடிகளும், அதே ஆலையின் முத்திரையோடு, இரும்பு அலமாரியில் வரிசையாக இருந்தன. ஒவ்வொன்றையும் சாய்த்து, அடிப்பக்கத்தை விரலால் சுற்றித் தடவினேன். எங்காவது மெருகு கொஞ்சம் தடித்திருக்குமா, ஒரு குட்டை விரல் தொட்டு மூடிய இடம் தட்டுப்படுமா என்று. பத்து, பதினைந்து, இருபது. எல்லாம் வழுவழு. எது அம்மா முக்கியது, எது பக்கத்தில் நின்றவள் முக்கியது, எனக்குச் சொல்லத் தெரியவில்லை. யாருக்கும் தெரியாது. அவ்வளவு நன்றாகச் செய்திருந்தார்கள்.

கடைசி ஜாடியையும் பார்த்துவிட்டு, அதை அதன் இடத்தில் வைத்தேன்.