ஜெகதாம்பாள் எழுதிய ஆகாயம்

விண்வெளிக் கதை எழுதுகிறவருக்கு ஜெகதாம்பாள் என்று ஒரு பெயரா என்று சிரிக்காதீர்கள். கலியமூர்த்திக்கு வேறு வழியில்லை. ஆவடியில் பாதுகாப்புத் துறைத் தொழிற்சாலையில் எஞ்சின் பூட்டுகிற ஆள் தன் பெயரில் ராக்கெட்டைப் பற்றி எழுதினால் மேலதிகாரி சும்மா விடுவாரா? அனுமதி கேட்கவும் பயம். பெண்டாட்டி பெயரைப் போட்டு அனுப்பினார். எத்தனையோ ஆண்கள் செய்கிற காரியம்தானே.

கதைகள் பிய்த்துக்கொண்டு போயின. எண்பத்தாறில் ஒரு வாரப்பத்திரிகை சிறந்த விஞ்ஞான நாவல் பரிசு கொடுத்தபோது, ஜெகதாம்பாள் பட்டுப்புடவையில் மேடையேறினாள். கணவன் எழுதியதில் ஒரு வரி படித்தவள் இல்லை. "கற்பனை எப்படிம்மா வருது?" என்றார்கள். "சோறு வேகுற நேரத்துல வந்துடுதுங்க" என்றாள். அரங்கம் அதிர்ந்தது. கடைசி வரிசையில் கலியமூர்த்தியும் கைதட்டினார், வயிறெரிய.

"இன்னா சார், அக்கா இப்ப எந்த கிரகத்துல கீறாங்க?" என்பார் பக்கத்து குவார்ட்டர்ஸ் கங்காதரன். கலியமூர்த்தி சிரித்து வைப்பார். கதவைச் சாத்தியதும் ஜெகதாம்பாள் சொல்லுவாள்: "நீங்க ரிட்டயர் ஆவுற அன்னிக்கு நானே வந்து உண்மையைச் சொல்றேன். ஒரு புத்தகத்துலயாச்சும் உங்க பேர் வரட்டும்." அந்த ஒரு புத்தகத்துக்காகவே அவர் பல்லைக் கடித்துக்கொண்டு வருஷங்களைத் தள்ளினார்.

ரிட்டயர் ஆகச் சில மாதங்களே இருக்கும்போது அவள் மஞ்சள் காமாலையில் போய்விட்டாள். பத்திரிகைகள் படத்தோடு இரங்கல் போட்டன. பாவி மனுஷன் எதற்கென்று அழுவார்?

ஓய்வு பெற்றதும் புது நாவலை எடுத்துக்கொண்டு, முன்பு ஜெகதாம்பாள் கதைகளை வெளியிட்ட, பூந்தமல்லியில் மாத நாவல் போடுகிற பரந்தாமனிடம் போனார். ஒன்று விடாமல் சொன்னார். பரந்தாமன் அவர் கையைப் பிடித்துக்கொண்டார்.

"துக்கம் சார். எங்கம்மா செத்தப்புறம் எங்கப்பாவும் இப்படித்தான். அம்மா வெச்ச ரசமெல்லாம் தான் வெச்சதுன்னு சொல்லிக்கினு இருந்தாரு."

"கையெழுத்தைப் பாருங்க. என்னுது!"

"ஜெகதாம்பாள் அம்மா சொல்லச் சொல்ல எழுதுறேன்னு அப்ப நீங்கதானே சொன்னீங்க?"

சொல்லியிருந்தார். மாட்டிக்கொள்ளாமலிருக்க அவரே விட்ட புளுகு.

பரந்தாமன் தாள்களைப் புரட்டினார். உண்மையாகவே கண் கலங்கியது. "அம்மாவோட கடைசி நாவல்னு போட்டா அள்ளிக்கினு போவாங்க. அவங்க போட்டோ எதுனா கீதா?"

பின்னட்டைக்கென்று ஸ்டுடியோவில் எடுத்த தன் படம் கலியமூர்த்தியின் சட்டைப்பையில் இருந்தது. அதைத் தொடாமல், பர்ஸிலிருந்து ஜெகதாம்பாளின் படத்தை எடுத்துக் கொடுத்தார்.

"வேற ஏதாவது எழுதி வெச்சிருக்காங்களா சார்?"

"இல்லைங்க" என்றார். அதன்பிறகு அவர் பேனாவைத் தொடவில்லை.