மண்டபத்து மேடையில் மின்ஹே

தன்னை நம்பி விட்டுப் போன பெண்ணைத் தொலைத்துவிட்டோம் என்று நஸ்ருன்னிசாவுக்கு உறைத்தபோது அவள் பாண்டி பஜாரில் ஒரு வளையல் கடை வாசலில் நின்றிருந்தாள். மகள் அஃப்ராவுக்காகப் பொறுக்கிய கண்ணாடி வளையல்களைத் தூக்கிப் பிடித்து, "இந்தக் கலர் எப்படி இருக்கு, மின்ஹே?" என்று திரும்பினாள். மின்ஹே நின்ற இடத்தில் ஒரு கைக்குட்டை வியாபாரி நின்றுகொண்டிருந்தான்.

முதலில் அவள் பதறவில்லை. பக்கத்துக் கடையில் காதணி பார்த்துக்கொண்டிருப்பாள் என்று நினைத்தாள். பக்கத்துக் கடையில் இல்லை. எதிர்ச் சாரியிலும் இல்லை. பனகல் பார்க் வரை வேகமாக நடந்துபோய்த் திரும்பி வந்தபோது அவள் புடவைத் தலைப்பு வியர்வையில் நனைந்து கழுத்தோடு ஒட்டியிருந்தது. வைகாசி மாதம், சனிக்கிழமை, கல்யாண சீசன். ஜவுளி வாங்க ஊரே தி.நகரில் இறங்கியிருந்தது. அந்தக் கூட்டத்தில் பதினாறு வயதுக் கொரியப் பெண் ஒருத்தியைத் தேடுவது சுலபமாகத்தான் இருக்க வேண்டும். ஆனால் கண்ணில் படவில்லை.

நஸ்ருன்னிசா மயிலாப்பூரில் ஒரு பெண்கள் பள்ளியில் ஆங்கிலம் நடத்துகிறவள். ஸ்ரீபெரும்புதூர்ப் பக்கம் கார் தொழிற்சாலை எழும்பி, அதற்குச் சாமான் செய்து கொடுக்கும் கம்பெனிகளும் கூடவே வந்த பிறகு, அடையாறு காந்தி நகரில் கொரியக் குடும்பங்கள் குடியேறின. அவர்களுக்கு ஆங்கிலம் சொல்லிக்கொடுக்க ஆள் தேவைப்பட்டது. மாலை நேரங்களில் அவள் அங்கே போக ஆரம்பித்தாள். போன வருஷம் அவர்கள் நாட்டுப் பணம் மளமளவென்று சரிந்தபோது பாதிக் குடும்பங்கள் பெட்டி கட்டிக்கொண்டு ஊர் திரும்பிவிட்டன. தங்கியவர்களில் ஒருவர் மிஸ்டர் ஹான். காருக்கு சீட் செய்யும் கம்பெனியில் மேலாளர். மனைவி மகனின் படிப்புக்காக சியோலில் இருந்தாள். மகள் மின்ஹே அவரோடு இங்கே. இன்று ஃபாக்டரிக்குக் கிளம்பும்போது, "டீச்சர், உங்களோடு இருந்தால் எனக்குக் கவலை இல்லை" என்று சொல்லிவிட்டுப் போயிருந்தார்.

அந்த வாக்கியம்தான் இப்போது அவள் காதில் திரும்பத் திரும்ப ஒலித்தது.

இரண்டு வாரத்துக்கு முன்னால் அப்பாவுக்கும் மகளுக்கும் நடந்த சண்டை அவளுக்கு ஞாபகம் வந்தது. மின்ஹேயின் அம்மா ஊரில் டிவியில் வரும் பாட்டு நிகழ்ச்சிகளை வீடியோ கேசட்டில் பதிந்து அனுப்புவாள். பளபளக்கிற சட்டை போட்ட பெண்கள் ஒரே மாதிரி கையை வீசி, ஒரே மாதிரி திரும்பி, பாடிக்கொண்டே ஆடுவார்கள். மின்ஹே அதைப் பார்த்துப் பார்த்து ஹாலில் ஆடுவாள். கூரை இடிகிறது என்று கீழ்வீட்டுக்காரர் இரண்டு தரம் மேலே ஏறி வந்துவிட்டார். சியோலில் ஒரு பாட்டுக் கம்பெனி புதிதாகப் பிள்ளைகளைத் தேர்ந்தெடுக்கிறதாம். ஆடிப் பாடி ஒரு வீடியோ அனுப்ப வேண்டுமாம். அனுப்பவா என்று அவள் கேட்டாள். ஹான் முடியாது என்றார்.

"பாட்டுக் கம்பெனி இல்லை, அது ஃபாக்டரி" என்று அவர் நஸ்ருன்னிசாவிடம் ஆங்கிலத்தில் விளக்கினார். "ஒரு பக்கம் பிள்ளைகளை உள்ளே விடுகிறார்கள். வருஷக்கணக்கில் வேலை வாங்குகிறார்கள். இன்னொரு பக்கம் பாடகர்களை வெளியே எடுக்கிறார்கள். என் மகள் விற்பனைச் சரக்கு இல்லை."

மின்ஹேயும் டீச்சருக்குப் புரியட்டும் என்று ஆங்கிலத்திலேயே பதில் சொன்னாள். "அப்பா செய்கிற சீட்டில் எத்தனையோ ஊர்க்காரர்கள் உட்காருகிறார்கள். அதைச் செய்தது யார் என்று ஒருவருக்கும் தெரியாது. பாட்டு என்றால் தெரியும். தைவானில் எங்கள் பாட்டைக் கேட்க ஆரம்பித்துவிட்டார்கள். சீனாவிலும் கேட்பார்கள்."

ஹான் எழுந்து அறைக்குள் போய்விட்டார். அன்றைக்குப் பாடம் நடக்கவில்லை.

ஓடிப்போய்விட்டாளா? விமான நிலையத்துக்கா? பாஸ்போர்ட் அப்பாவிடம் அல்லவா இருக்கும்? யா அல்லாஹ், யாராவது கூட்டிக்கொண்டு போய்விட்டார்களா? நஸ்ருன்னிசா முதலில் கண்ணில் பட்ட டெலிபோன் பூத்துக்குள் நுழைந்து ஹானின் செல்போனுக்கு அடித்தாள். இன்னும் கொஞ்சம் தேடிவிட்டுச் சொல்லலாம் என்று மனசு இழுத்தது. ஆனால் மறைத்து வைக்கிற விஷயமா இது?

"மிஸ்டர் ஹான், மின்ஹேயைக் காணவில்லை. பாண்டி பஜாரில் என்னோடுதான் இருந்தாள். தப்பு என்னுடையது."

மறுமுனையில் மெஷின்கள் ஓடிக்கொண்டிருந்தன. அந்தச் சத்தத்துக்கு நடுவே அவர், "வருகிறேன்" என்றார். அவ்வளவுதான். திட்டியிருந்தால்கூட நன்றாக இருந்திருக்கும்.

பூத்தை விட்டு வெளியே வந்தவள் ஆட்டோ ஸ்டாண்டு ஓரத்தில் நின்றாள். காக்கிச் சட்டையின் பொத்தானைத் திறந்து விட்டுக்கொண்டு காற்று வாங்கிய டிரைவர் ஒருவர் அவளையே பார்த்துக்கொண்டிருந்தார்.

"இன்னா மேடம், ரொம்ப நேரமா இங்கியும் அங்கியும் சுத்திக்கினு கீறீங்க? எதுனா தொலைச்சிட்டீங்களா?"

"ஒரு பொண்ணு. வெளிநாட்டுப் பொண்ணு. தோள்ல பெரிய நீலப் பை மாட்டியிருப்பா."

"அந்த சைனாப் பொண்ணா?"

"சைனா இல்லை, கொரியா. பாத்தீங்களா?" அவள் இன்னும் நெருங்கி வந்தாள்.

"அட, பாக்காம இன்னா? இங்கதான் வந்து நின்னுச்சு. 'அண்ணா, ஜி.என். செட்டி ரோடு, கல்யாண மண்டபம், போகணும்'னு சொல்லிச்சு பாருங்க, சுத்தத் தமிழ்ல! ஸ்டாண்டே ஆடிப்போச்சு. எங்காளு ஒருத்தன் ஏத்திக்கினு போனான். உக்காருங்க மேடம், நான் இட்டுக்கினு போறேன். என் பேரு மாணிக்கவாசகம். கவலைப்படாதீங்க."

"மண்டபத்துக்கா? எதுக்கு?"

"கல்யாணத்துக்குத்தான் போவாங்க. வேற இன்னாத்துக்கு?"

அந்தத் தமிழ் அவள் சொல்லிக்கொடுத்தது. வழியில் தேவைப்படும் என்று பாடத்துக்கு நடுவே விளையாட்டாகச் சொல்லிக்கொடுத்தது. ஆட்டோ வண்டிகளுக்கு நடுவே புகுந்து போகும்போது நஸ்ருன்னிசா கம்பியைப் பிடித்துக்கொண்டு, தெரிந்த துவாவையெல்லாம் முணுமுணுத்தாள். யார் கல்யாணம்? ஒருவேளை மின்ஹேயின் கல்யாணமே நடக்கிறதோ என்ற நினைப்பு வந்ததும் முணுமுணுப்பு பாதியில் நின்றது.

மண்டப வாசலில் வாழை மரம் கட்டியிருந்தது. ரிசப்ஷனுக்கு இன்னும் நேரம் இருந்ததால் கூட்டமில்லை. ஆனால் உள்ளேயிருந்து வந்த சத்தம் நாதஸ்வரமும் இல்லை, சினிமாப் பாட்டும் இல்லை. திம்திம்மென்று நெஞ்சில் இடிக்கிற தாளத்தின் மேல் புரியாத பாஷையில் பெண்குரல்கள். நஸ்ருன்னிசா செருப்பைக் கழற்ற மறந்து உள்ளே ஓடினாள்.

மேடையில் மாப்பிள்ளையும் பெண்ணும் உட்கார வேண்டிய சிம்மாசனங்களை ஓரமாக நகர்த்தி வைத்திருந்தார்கள். ரோஜாப்பூத் தோரணங்களுக்கு முன்னால், வெள்ளிநிறச் சட்டையும் தொளதொளப்பான பேண்ட்டும் போட்டுக்கொண்டு மின்ஹே ஆடிக்கொண்டிருந்தாள். கச்சேரிக்காரர்களின் பெரிய ஸ்பீக்கர்களில் அவள் கொண்டுவந்த பாட்டு கேசட் ஓடிக்கொண்டிருந்தது. வீடியோக்காரர் ஒருவர் கேமராவைத் தோளில் சாய்த்துக்கொண்டு முட்டி போட்டிருந்தார். கீழே நாற்காலிகளில் பட்டுப்பாவாடைக் குழந்தைகள் தாளத்துக்குக் கை தட்டிக்கொண்டிருந்தார்கள்.

நஸ்ருன்னிசா கைக்கு எட்டிய நாற்காலியில் அப்படியே உட்கார்ந்தாள். அழுகை பொத்துக்கொண்டு வந்தது. அடக்கிக்கொள்ளவும் தோன்றவில்லை. இருக்கிறாள். முழுசாக இருக்கிறாள். அதற்கு மேல் அந்த நிமிஷத்தில் அவளுக்கு எதுவும் வேண்டியிருக்கவில்லை.

டீச்சரைப் பார்த்த மின்ஹே பாதியில் நின்றுவிட்டாள். பாட்டு மட்டும் தனியாக ஓடிக்கொண்டிருந்தது. மேடையிலிருந்து குதித்து வந்து, தலையைக் குனிந்து நின்றாள்.

"டீச்சர், சாரி. சொன்னால் விடமாட்டீர்கள். வீடியோ வரும் புதன்கிழமைக்குள் சியோலில் இருக்க வேண்டும். சீக்கிரம் திரும்பி வந்துவிடலாம் என்று நினைத்தேன்."

"நான் செத்துப்போயிட்டேன், தெரியுமா?" என்று நஸ்ருன்னிசா தமிழிலேயே கத்தினாள். கத்திக்கொண்டே அவளை இழுத்து நெஞ்சோடு அணைத்துக்கொண்டாள்.

வீடியோக்காரர் கேமராவை இறக்கிவிட்டு வந்தார். பெயர் வேம்பு. அவருடைய ஸ்டூடியோ காந்தி நகரில் ஹான் வீட்டுக்கு அடுத்த தெருவில் இருந்தது. "ஸ்டூடியோல ஆட எடம் பத்தாது மேடம். இங்கே இன்னிக்கு நமக்கு ஆர்டர். லைட்டு, மேடை, சவுண்டு எல்லாம் ரெடியா இருக்கேன்னு வரச் சொன்னேன். ஆத்துல சொல்லிட்டு வந்திருக்கான்னுதான் நெனச்சிண்டிருந்தேன்."

பட்டுப்புடவை சரசரக்க ஒரு அம்மாள் வேகமாக வந்தாள். கல்யாணப் பெண்ணின் தாயார், சூடாமணி மாமி. திட்டு விழப்போகிறது என்று நஸ்ருன்னிசா எழுந்து நின்றாள்.

"அழாதேங்கோ. முதல்ல ஒரு வாய் காபி சாப்பிடுங்கோ" என்றாள் மாமி. "கார்த்தாலேர்ந்து சம்பந்தி ஆத்துக்காரா மூஞ்சியைப் பார்த்துண்டு தவிச்சுண்டிருந்தேன். உங்க பொண்ணு வந்து ஆடினப்புறம்தான் கொழந்தைகள் ஓடாம ஒரு எடத்துல உக்காந்திருக்கு. நான்தான் ஆடட்டும்னேன்."

"என் பொண்ணு இல்லை. நான் டீச்சர். அவங்க அப்பா வந்துட்டிருக்கார்."

டெலிபோன் பூத்திலிருந்து பேசியபோது தான் எங்கே இருக்கிறோம் என்பதைக்கூடச் சரியாகச் சொல்லவில்லையே என்று அப்போதுதான் அவளுக்குத் தோன்றியது. மண்டப ஆபீசிலிருந்து மறுபடி அடித்தாள். "கிடைத்துவிட்டாள். ஜி.என். செட்டி ரோடு கல்யாண மண்டபத்தில் நன்றாக இருக்கிறாள்" என்றதும் மறுமுனையில் நீளமாக மூச்சு விடும் சத்தம் கேட்டது. அந்த மனிதர் அதுவரை மூச்சே விடாமல் வந்திருக்கிறார் போல.

ஹான் வந்து சேர்ந்தபோது விருந்தினர்கள் வர ஆரம்பித்திருந்தார்கள். கம்பெனிச் சட்டையோடு அவர் வாசலில் நின்றதும் இரண்டு சின்னப் பெண்கள் பன்னீர் தெளித்து, கையில் ரோஜாவைத் திணித்து, கற்கண்டுத் தட்டை நீட்டினார்கள். கோபப்படுவதற்காகவே வந்த ஆள், கையில் ரோஜாவோடு, தலையில் பன்னீரோடு, என்ன செய்வதென்று தெரியாமல் குனிந்து குனிந்து வணங்கினார். மாமி அவரை முன்வரிசைக்கே கூட்டிக்கொண்டு போனாள். "பெண்ணும் மாப்பிள்ளையும் எறங்கி வர இன்னும் கொஞ்ச நேரம் ஆகும். உங்க பொண்ணு இன்னொரு தரம் ஆடட்டுமே" என்றாள். நஸ்ருன்னிசா அதை மொழிபெயர்த்தாள். ஹான் சுற்றிலும் பார்த்துவிட்டு உட்கார்ந்தார்.

மின்ஹே ஆடினாள். இந்த முறை கால்கள் தடுமாறின, ஆரம்பத்தில் மட்டும். அப்புறம் அப்பாவை மறந்துவிட்டாள். பாட்டு ஓங்கி எழுந்த இடத்தில் குழந்தைகள் அந்தக் கொரிய வரியைத் தங்களுக்குத் தெரிந்த மட்டும் கூடச் சேர்ந்து பாடினார்கள். ஒரு சொல்லுக்குக்கூட அர்த்தம் தெரியாது. வேம்பு இந்தத் தடவையும் விடாமல் பதிவு செய்தார்.

ஹான் மகளைப் பார்க்கவில்லை. பாடுகிற குழந்தைகளையே பார்த்துக்கொண்டிருந்தார். அப்படியே நஸ்ருன்னிசாவின் பக்கம் சாய்ந்தார்.

"டீச்சர், போன மாதம் தைபே போயிருந்தேன். சீட் விற்க. எங்கள் சாமானை வாங்குகிறவர் விலையைப் பற்றிப் பேசவில்லை. தன் மகளுக்கு ஒரு பாட்டுக் குழுவின் கையெழுத்து வாங்கித் தர முடியுமா என்று கேட்டார். அந்தப் பெண் பாட்டைப் புரிந்துகொள்ளக் கொரிய மொழி படிக்கிறாளாம். நான் இத்தனை வருஷம் கொரியச் சரக்கு விற்றிருக்கிறேன். சீட்டுக்காக யாரும் எங்கள் மொழியைப் படித்ததில்லை." சிரிக்கப் பார்த்தார். வரவில்லை. "வீட்டில் நான் இதைச் சொல்லவில்லை. மின்ஹே சொல்வது சரி என்று ஆகிவிடும் அல்லவா?"

"சரியாகத்தானே இருக்கிறது?"

"சரிதான். அதனால்தான் பயம். தொழில் வளர்ந்தால் அதற்குள் போகிற பிள்ளைகள் என்ன ஆவார்கள்? ஃபாக்டரியில் இருக்கிறவன் நான், எனக்குத் தெரியும்."

"அவள் தனியாகவா போகப் போகிறாள்? அம்மா அங்கேதானே இருக்கிறாள்? பள்ளிக்கூடத்தை விடக்கூடாது, கையெழுத்துப் போடுவதற்கு முன் ஒப்பந்தத்தை நீங்கள் படித்துப் பார்க்க வேண்டும் என்று சொல்லுங்கள். கேட்பாள். உங்களுக்குத் தெரியாமல் போனால்தான் ஆபத்து. இன்றைக்கு அதைத்தானே பார்த்தோம்?"

அவர் எழுந்து, மேடையிலிருந்து இறங்கி வந்த மகளிடம் கொரிய மொழியில் ஏதோ சொன்னார். அவள் முகம் முதலில் கோணியது. பிறகு கைக்குள் முகத்தைப் புதைத்துக்கொண்டு அங்கேயே குந்தி உட்கார்ந்து அழுதாள்.

"என்ன சொன்னீங்க?" என்று நஸ்ருன்னிசா பதறினாள்.

"இரண்டாவது தடவை ஆடியதை அனுப்பச் சொன்னேன். முதல் தடவை ஆடியதை நான் பார்க்கவில்லையே."

சாப்பிடாமல் போகக் கூடாது என்று மாமி மறித்துவிட்டாள். ஹான் இலைக்கு முன்னால் உட்கார்ந்து ரசத்தை இரண்டாம் முறை கேட்டு வாங்கினார். மாணிக்கவாசகம் போகவில்லை. பொண்ணு கிடைத்ததைக் கண்ணால் பார்க்காமல் எப்படிப் போவது என்று அவரும் பந்தியில் உட்கார்ந்திருந்தார்.

"ஏம்மா, நீ டிவில வருவியா?" என்று அவர் மின்ஹேயிடம் கேட்டார்.

"வருவேன் அண்ணா" என்றாள் அவள், வாய் நிறைய அப்பளத்தோடு.

அந்த மழைக்காலத்தில் அவள் அம்மாவிடம் போய்விட்டாள். நேர்முகத் தேர்வுக்குக் கூப்பிட்டிருந்தார்கள். டிசம்பரில் ஒரு ஞாயிற்றுக்கிழமை காலை, மீர்சாகிப்பேட்டை வீட்டில் நஸ்ருன்னிசா பாலை அடுப்பில் வைத்துவிட்டு டெலிபோனை எடுத்தாள்.

"டீச்சர்! பாட்டு சுமார் என்று சொல்லிவிட்டார்கள். ஆட்டத்துக்கு எடுத்துக்கொண்டார்கள்! ஸ்கூல் முடிந்துதான் பயிற்சி. அப்பா ஒப்பந்தத்தை முழுக்கப் படித்துப் பார்த்துத்தான் கையெழுத்துப் போட்டார். மூன்று இடத்தில் அடித்துத் திருத்தினார்!"

நஸ்ருன்னிசா தரையில் உட்கார்ந்தாள். மண்டபத்து நாற்காலியில் இறங்கியதாக நினைத்த பாரம் முழுக்க இறங்கவில்லை, மிச்சம் இப்போதுதான் போகிறது என்று தோன்றியது. சமையலறையில் பால் பொங்கி வழிகிற வாசனை வந்தது. "அம்மி, பால்!" என்று அஃப்ரா ஓடினாள்.

"வழியட்டும் விடு" என்றாள் நஸ்ருன்னிசா. பிறகு போனில், "சொல்லு மின்ஹே. முதலிலிருந்து சொல்லு" என்றாள்.