உடன் வருபவர் பெயர்

1

இந்தக் கதை ஒரு பொய்யிலிருந்து பிறந்தது. பொய் சொன்னவன் நான்தான். கிடங்கில் மூட்டை தூக்குகிறவன். நாற்பத்தேழு வயதில் எழுத்துக் கூட்டக் கற்றவன். மெதுவாகத்தான் எழுத வரும். நீங்களும் மெதுவாகவே படியுங்கள்.

2

வெயில் சுட்டெரித்த ஒரு மதிய... (அடித்துவிட்டேன். அந்த அறையில் ஏசி ஓடியது.)

நேராகவே சொல்கிறேன். மூட்டை தூக்கித் தூக்கி எனக்குக் குடலிறக்கம். ஆபரேஷனுக்கு இனி செல்போன் செயலியில்தான் பதிய வேண்டும் என்றது ஆஸ்பத்திரி. அதை வெளியிடுமுன், எங்களைப் போன்றவர்களுக்குப் புரிகிறதா என்று பார்க்க, செயலியை வடிவமைக்கிற பெண் என்னை அழைத்திருந்தாள்.

"இது உங்களுக்குப் பரீட்சை இல்லண்ணே, எங்களுக்குத்தான். தப்பு வந்தா எங்க தப்பு."

யார் நம்புவார்கள்? எதிரே ஒருத்தி பேனாவோடு உட்கார்ந்தால் அது பரீட்சைதான்.

பெயர், வயது, எங்கே வலி... வரிசையாகப் போட்டேன். பிறகு ஒரு கட்டம்: உடன் வருபவர் பெயர். நிரப்பாவிட்டால் அடுத்த பக்கம் வராது. விரல் அங்கேயே நின்றது.*

"ஏண்ணே நின்னுட்டீங்க? எழுத்து பொடிசா இருக்கா?"

"ஆமாம்மா. பொடிசா இருக்கு."

அவள் முகம் மலர, எழுதிக்கொண்டாள்.

(* மனைவி இறந்து ஆறு வருடம். தம்பி ஒருவன் உண்டு. எங்கே என்று தெரியாது. இதைக் கதைக்குள் வைக்க இடம் கிடைக்கவில்லை.)

3

"உங்க பேரப் போட்டுக்கவா மேஸ்திரி?"

"போட்டுட்டு நீ பாட்டுக்குப் போய்ச் சேந்துட்டா? பொணத்துக்கு நான்ல கையெழுத்துப் போடணும்!"

மூட்டை ஏற்றிக்கொண்டிருந்த லாரியே சிரித்தது. நானும் சிரித்தேன். சிரித்தால் அடிவயிறு வலிக்கும்.

4

நேற்று மறுபடி கூப்பிட்டாள்.

"அண்ணே, நீங்க சொன்னதுக்காகவே மாத்திட்டோம்!"

எழுத்தெல்லாம் விரல் தடிமன். உடன் வருபவர் பெயர் என்பது பாதித் திரையை அடைத்துக்கொண்டு நின்றது.

"இப்ப சரியாண்ணே? நாளைக்கு வெளியிடுறோம்."

(இவளை முட்டாளாக எழுதிப் பார்த்தேன். பொருந்தவில்லை. நான் சொன்னதை ஒரு வார்த்தை விடாமல் கேட்டவள் இவள் ஒருத்திதான்.)

முடிவு ஒன்று: உண்மையைச் சொல்கிறேன், கட்டம் போகிறது, ஆபரேஷனுக்குத் தேதி கிடைக்கிறது. எழுத இனிக்கிறது. என் வாய்க்கு அவ்வளவு தைரியமில்லை.

முடிவு இரண்டு: "சரிம்மா" என்று எழுந்து வந்து, வலியோடு மூட்டையைத்... (இதையும் அடித்துவிட்டேன்.)

நடந்தது இவ்வளவு:

"எழுத்து இல்லம்மா. அந்தக் கட்டத்துல போட எனக்கு..."

அவள் பேனாவைக் கீழே வைத்தாள்.

இதற்கு மேல் எனக்கு எழுத வரவில்லை. அவள் நாற்காலியில் நீங்கள் உட்காருங்கள். நான் எதிரேதான் இருக்கிறேன்.