பெயர் ஓடும் நேரம்

வியாழக்கிழமை சாயங்காலம் ஏழே முக்கால் ஆனால் ஜெயசிங்கின் வலது கை தானாக ஸ்விட்சுக்குப் போகும். பாறசாலையில் நானூறு வீடுகளுக்கு அவனுடைய கேபிள்தான். கனகதாஸ் இயக்கும் பேய்த்தொடர் முடிந்து பெயர்கள் ஓடத் தொடங்கியதும் ஒரே தட்டு. எல்லா வீட்டிலும், அவன் அறை டிவியிலும், ஜவுளிக்கடை விளம்பரம் வந்து நிற்கும். நான்கு வாரமாக ஊரில் ஒருவர்கூடக் கனகதாஸின் பெயரைப் பார்த்ததில்லை. பொறாமைதான், அதற்கு வேறு காரணம் சொல்லிக்கொள்ள ஜெயசிங்குக்கே கூச்சமாக இருந்தது.

பத்து வருடத்துக்கு முன்னால், வளைகுடாவிலிருந்து மாமா கொண்டுவந்த கேசட்டில் பழைய அமெரிக்கப் பேய்த்தொடர் ஒன்றை இருவரும் தேயத் தேயப் பார்த்தார்கள். ஒரே இயக்குநரின் பெயர் திரும்பத் திரும்ப வந்தது. ஒரு வாரம் பேய், மறுவாரம் துப்பறியும் கதை, அதற்கடுத்த வாரம் குதிரைக்காரர்களின் சண்டை என்று இருபது வருடம் எடுத்துத் தள்ளியவர் என்று கேசட் அட்டையில் போட்டிருந்தது. “எலே, பேயக் காட்டப்பிடாது. பேயப் பாக்கவனுக்க மொகத்தக் காட்டணும். அதாக்கும் இந்தாளுக்க சூத்திரம்” என்று கண்டுபிடித்துச் சொன்னவன் ஜெயசிங். பக்கத்தில் ரீவைண்ட் செய்துகொண்டிருந்தவன் கனகதாஸ். இப்போது அவன் திருவனந்தபுரத்தில் டைரக்டர். இவன் மழையில் மாமரத்தில் ஏறி வயர் முறுக்குகிறான்.

புதன்கிழமை கனகதாஸின் அம்மா ஆனந்தபாய் வந்தாள்.

“மக்கா, நாளைக்கு கனகதாஸுக்குப் பேசி வச்சிருக்க ஜெஸிக்க அப்பன் நம்ம வீட்டில டிவி பாக்க வாறாரு. இவனுக்க பேரக் கண்டாத்தான் பெண்ணு தருவாராம். நாலு வாரமா பேரே வரல்லியே. அங்க என்ன வேலதான் செய்யுதான்? அவன்கிட்ட கேட்டா விஷமிப்பான், மனசு நோவும். நீ கூட்டுகாரனாக்கும், உள்ளதச் சொல்லு.”

“டைரக்டராக்கும் மாமி.”

“அப்பம் நாளைக்குப் பேரு வரும், இல்லியா?”

ஜெயசிங் குனிந்து வயரைச் சுருட்டிக்கொண்டிருந்தான்.

மறுநாள் தொடரில், பூட்டிய கதவு தானாகத் திறந்தது. வெளியே நின்றது எது என்று காட்டவில்லை. அதைப் பார்த்த பெண்ணின் முகத்திலேயே கேமரா நின்றது. நன்றாகத்தான் எடுத்திருந்தான். அதுதான் ஜெயசிங்கின் வயிற்றை இன்னும் எரித்தது. நான் சொன்னதை வைத்துப் பிழைக்கிறான், கல்யாணம் நின்றுபோகட்டும் என்று பல்லைக் கடித்தான். ஆனந்தபாயின் முகமும் கூடவே வந்தது. தட்டலாமா வேண்டாமா என்று விரலை ஸ்விட்சில் வைத்தபடி நின்றான்.

பெயர்கள் ஓடின. நடித்தவர்கள், ஒளிப்பதிவு, பிறகு நன்றி. ‘ஜெயசிங், பாறசாலை.’

அவன் ஒரு முடிவுக்கு வருவதற்குள் கனகதாஸின் பெயர் வந்து நானூறு வீடுகளுக்கும் போய்விட்டது.

சந்தோஷம் வரவில்லை. டைரக்டர் என்ற இடத்தில் அவன் இருக்கிறான், நன்றி என்ற இடத்தில் நான் இருக்கிறேன் என்றுதான் தோன்றியது. தட்டியே இருக்கலாம்.

கொஞ்ச நேரத்தில் போன் அடித்தது. ஆனந்தபாய்.

“கண்டோம் மக்கா. ஜெஸிக்க அப்பனுக்குத் திருப்தியாக்கும். உனக்க பேரும் வந்துதே. அவன் இப்பம் போனில சொன்னான், மொதல் வாரம் தொட்டே உனக்க பேரு உண்டாம். நாலு வாரமும் நீ கண்டிருப்பே, இல்லியா?”

டிவியில் செய்தி ஓடிக்கொண்டிருந்தது. ரிசீவரைக் காதில் அழுத்திக்கொண்டு, நான்கு வாரமும் தன் பெயரையும் சேர்த்து அணைத்த ஸ்விட்சைப் பார்த்தான். மறுமுனையில் ஆனந்தபாய் காத்திருந்தாள். அவளுக்குப் பின்னால் யாரோ சிரித்துக்கொண்டே சாயா கிளாசுகளை ஒவ்வொன்றாகத் தட்டில் எடுத்து வைக்கும் சத்தம் கேட்டது.