இயந்திரம் இருந்த இடம்

தம்முடைய தொழிற்கூடத்தின் வாயிலில் நின்று, வருகையாளர் அட்டையைக் கழுத்தில் மாட்டிக்கொள்ள முதலாளி தலை குனிந்தபோது, காவலாளி பார்வையைச் சாலைப்பக்கம் திருப்பிக்கொண்டார். முதலாளியின் வண்டியொலி தெருமுனையில் எழும்போதே கதவைத் திறந்து வைத்துப் பழகிய மனிதர்.

“தப்பா எடுத்துக்காதீங்க மொதலாளி. யாரா இருந்தாலும் அட்டை போட்டுத்தான் உள்ள விடணும்னு அந்தம்மா சொல்லியிருக்காங்க.”

“சரியாத்தானே சொல்லியிருக்காங்க.”

அட்டையின் நாடா சட்டைப் பொத்தானில் சிக்கிக்கொண்டது. காவலாளியே அதை விடுவித்துவிட்டார்.

வங்கியின் மனுவை நீதிமன்றம் ஏற்ற அன்றே, அட்டைப்பெட்டிகள் செய்யும் அந்தத் தொழிற்கூடம் அவர் பெயரில் இருந்தும் அவர் கையில் இல்லாமற் போயிற்று. திவால் சட்டப்படி அமர்த்தப்பட்ட நிர்வாகி, அவருடைய மகள் வயதுடைய பெண். சாவியும் கையொப்பமும் இனி அந்தப் பெண்ணிடம். முழுதாக வாங்க எவரேனும் முன்வந்தால் தொழில் பிழைக்கும். இல்லையேல் ஒவ்வொன்றாக விற்று, வங்கிக்கும், தாள் கொடுத்த வணிகர்களுக்கும், மாதக்கணக்கில் சம்பளம் காணாத தொழிலாளர்களுக்கும் பங்கிடுவார்கள். இன்று, இருப்பதையெல்லாம் அவர் உடன் நின்று அடையாளம் காட்ட வேண்டும். இருப்பதைக் காட்டுவதில் அவருக்கு அச்சமில்லை. இல்லாத ஒன்றே அவர் நெஞ்சை அறுத்துக்கொண்டிருந்தது.

பெட்டி வெட்டும் இயந்திரங்களில் நல்லது ஒன்றை, மனு வருவதற்குச் சில மாதங்கள் முன்பு, தங்கையின் வீட்டுக்கு அனுப்பிவிட்டிருந்தார். தொழில் தொடங்கிய நாளில் கழுத்திலிருந்ததைக் கழற்றி, ஒரு சொல் கேளாமல் கொடுத்தவள் அவள். இப்போது கணவன் படுத்த படுக்கையாகிவிட, வீட்டைத் தாங்கும் சுமை அவள் தோளில் ஏறியிருந்தது. கப்பல் மூழ்குவது தெரிந்ததும் முதலில் அவள் கடனைத் தீர்ப்பதே அறம் என்று அவர் நம்பினார். வண்டியில் ஏற்றிய அன்றிரவு நிம்மதியாக உறங்கியும் போனார். பின்னர் வழக்கறிஞர் விளக்கினார்: தொழில் நொடியும் காலத்தில் உறவினருக்கு முந்திக் கொடுத்ததைச் சட்டம் திரும்பக் கேட்கும். அதைக் கேட்ட கணத்தில், ‘பந்தி வஞ்சனை’ என்ற சொல் அவர் உள்ளத்தில் எழுந்து நின்றது. எல்லாரும் பசியோடு அமர்ந்திருந்த வரிசையில், தம் வீட்டாருக்கு மட்டும் மறைத்துப் பரிமாறிய கை அவருடையது.

நிர்வாகி முன்னால் நடந்தார். ஒட்டும் மேசைகள், அச்சு எந்திரம், தாள் உருளைகள் என்று ஒவ்வொன்றின் முன்னும் நின்று முதலாளி பெயர் சொன்னார். பிள்ளைகளை ஊரார்முன் நிறுத்தி யாருக்கேனும் ஒப்படைப்பது போலிருந்தது. கடைக்கோடியில், மடிக்காத அட்டைகள் கட்டுக்கட்டாய் அடுக்கப்பட்டிருந்தன. அடுக்கச் சொன்னவர் அவரே. அந்தக் கட்டுகளை எவரும் நகர்த்தாதிருக்க வேண்டுமென்று இறைவனிடம் வேண்டினார். இதற்கெல்லாமா அவன் திருவடியைத் தொட்டோம் என்று உடனே கூசினார்.

“இதையும் எண்ணணும். கொஞ்சம் நகர்த்துறீங்களா?” என்றார் நிர்வாகி.

தொழிலாளர்கள் நகர்த்தினார்கள். எண்ணெய் ஊறிக் கறுத்த தரையின் நடுவே, ஒரு நீள்சதுரம் மட்டும் வெளுத்துக் கிடந்தது. மூலைகளில் திருகாணி அறுபட்ட துளைகள்.

“இங்க என்ன இருந்துச்சு சார்?”

முதலாளி அந்தத் துளைகளையே பார்த்தார். அப்போது பின்னாலிருந்து ஒரு குரல் வந்தது. இளமையில் பசை தடவும் வேலைக்கு வந்து, அப்படியே ஒட்டிக்கொண்டதால் ‘கோந்து’ என்று எல்லாராலும் அழைக்கப்படும் மூத்த தொழிலாளி.

“அது கெழட்டு மெஷினும்மா. என்னை மாதிரியேதான், ஒரு நாள் ஓடுனா நாலு நாள் படுத்துக்கும். எப்பவோ எடைக்குப் போட்டாச்சு.”

இரண்டு பேர் சிரித்தார்கள். நிர்வாகியும் புன்னகைத்து, எழுதப் பேனாவைத் தாழ்த்தினார்.

முதலாளிக்கு மட்டும் உடலெல்லாம் எரிந்தது. அந்த இயந்திரம் திரும்பினால் கிடைக்கும் பங்கில் ஒரு பருக்கை கோந்துக்கும் உரியது. பேரனின் பள்ளிக்கட்டணத்துக்கு முன்பணம் கேட்டு வந்து, ‘பரவாயில்ல மொதலாளி’ என்று வெறுங்கையோடு திரும்பியவர். தம் வாயிலிருந்து பறித்ததை, தம் வாயாலேயே மூடி மறைக்கிறார்.

“இல்லம்மா,” என்றார் முதலாளி. “அவர் எனக்காகச் சொல்றார். அது நல்லா ஓடுற மெஷின். என் தங்கச்சி வீட்ல இருக்கு. நான்தான் அனுப்பினேன்.”

சிரிப்பு அடங்கியது. நிர்வாகி நிமிர்ந்து பார்த்தார். அந்தப் பார்வையில் கடுமை இல்லாததே அவருக்குத் தாங்கமுடியாததாயிற்று.

“நோட்டீஸ் அவங்களுக்குப் போகும் சார். அதுக்கு முன்னாடி நீங்களே ஒரு வார்த்தை சொல்லிடுங்க. நோட்டீஸைப் படிச்சுத் தெரிஞ்சுக்க வேண்டாம்.”

நிர்வாகி அடுத்த அறைக்கு நகர்ந்ததும் கோந்து அருகில் வந்தார். முகம் சிறுத்திருந்தது.

“அத்தனை பேர் முன்னாடி என்னையப் பொய்யனாக்கிட்டீங்களே.”

“அதுல உங்களுக்கும் பங்கு இருக்குண்ணே.”

“பங்கு வர்றப்ப வரட்டும். உங்க தங்கச்சி மொகத்துல எப்படி முழிப்பீங்க?”

முதலாளி தம்மையறியாமலே அந்த வெளுத்த நீள்சதுரத்தினுள் கால் வைத்து நின்று, கைபேசியை எடுத்துத் தங்கையை அழைத்தார். கழுத்து அட்டை நெஞ்சில் புரண்டது.

மறுமுனை திறந்ததும் முதலில் வந்தது இயந்திரத்தின் தாளம். தட்டும் இடைவெளியும், தட்டும் இடைவெளியும். தம் இதயத்தைப் போல் அவர் அறிந்த ஒலி. இடையில் ஒரு தட்டு சற்றே பிந்தி விழுவதைக்கூட அவர் அடையாளம் கண்டுகொண்டார்.

“அண்ணா, நீயா?” அவள் குரலில் மகிழ்ச்சி பொங்கியது. “ஒண்ணுமே கேக்கலண்ணா, பெரிய ஆர்டர் ஒண்ணு ஓடிட்டிருக்கு. இரு, மெஷினை நிறுத்திட்டு வரேன்.”

தாளம் தளர்ந்தது. கடைசித் தட்டு ஒன்று விழுந்து, அடங்கியது.

“இப்பச் சொல்லுண்ணா,” என்றாள்.