ஜன்னலைப் பார்த்த பிறை

எங்கள் சங்கத்தில் இரண்டு கட்சி. பழைய கணினிகளின் பிராசஸர் சில்லுகளைக் கண்ணாடிப் பெட்டியில் வைத்துக் கும்பிடுகிறவர்கள் ஒன்று. சாக்கெட்டில் செருகி ஓட்டிப் பார்க்கிறவர்கள் இன்னொன்று. நான் இரண்டாவது கட்சியின் வாயாடி. முதல் கட்சியின் தலைவி இஷ்பெல். வயது எழுபத்தாறு, என்னைவிடப் பதினைந்து மூத்தவர், வாயில் என்னைவிட ஒரு முழம் நீளம்.

எங்கள் ஊரான கர்க்கால்டியில், புல்தரையில் பந்து உருட்டும் பௌல்ஸ் ஆட்டக்காரர்களின் மண்டபத்தை மாதம் ஒரு சனிக்கிழமை எங்களுக்கு விடுவார்கள். அங்கே எங்கள் பொதுச் சொத்தாக ஒரு சோதனைப் பெட்டி உண்டு. நெம்புகோலைத் தூக்கினால் அதன் சாக்கெட் வாயைத் திறக்கும், இறக்கினால் சில்லின் கால்களைக் கவ்விக்கொள்ளும். எந்தப் பக்கம் தலை, எந்தப் பக்கம் வால் என்று அதன் மேல் எழுதியிருந்தது என்றோ தேய்ந்துபோயிற்று. சில்லின் ஒரு முனையில் பிறைபோல ஒரு வெட்டு இருக்கும், அதுதான் தலை. "பிறை ஜன்னலைப் பார்க்கட்டும்" என்பது எங்கள் வேதவாக்கு. இருபது வருடமாக ஒருவரும் அதற்கு மேல் யோசித்ததில்லை.

அந்தச் சனிக்கிழமை கூரை ஒழுகியது. தேநீர் போடும் ட்ரம்மண்ட், ஒழுகும் இடத்தில் வாளியை வைத்துவிட்டு, பெட்டியோடு மேசையை எதிர்ச் சுவருக்கு நகர்த்தித் திருப்பிப் போட்டிருந்தார்.

இஷ்பெல் கைப்பையிலிருந்து ஒரு தகரடப்பாவை எடுத்து வைத்தார். உள்ளே ஒரு சில்லு: வெள்ளைப் பீங்கான் உடம்பு, தங்க மூடி, நாற்பது கால். கால்கள் ஆலையிலிருந்து வந்த மாதிரியே லேசாக வெளியே விரிந்திருந்தன. ஒரு சாக்கெட்டைக்கூடக் கண்டதில்லை.

"என்னங்க, கட்சி மாறப் போறீங்களா?" என்றேன்.

"வாய மூடுடா லாக்கி. இன்னிக்கு இத ஓட்டிப் பாக்கணும்."

எனக்கே தூக்கிவாரிப் போட்டது. "ஏன், திடீர்னு?"

"இது நான் கம்பி ஒட்டினது."

கிளென்ராத்தஸ் சில்லு ஆலையில் அவர் வேலை பார்த்தது எல்லோருக்கும் தெரியும். இது மட்டும் தெரியாது.

"எழுபத்தொம்பதாம் வருஷம். புள்ள பெத்து ஆறே வாரத்துல வேலைக்குத் திரும்பினேன். மைக்ராஸ்கோப்ல பாத்து, உள்ளேர்ந்து ஒவ்வொரு காலுக்கும் தலமுடியவிட மெல்லிசு கம்பி ஒட்டணும், ஒரு சில்லுக்கு நாப்பது. மூடி போட்டு முடிஞ்ச சில்லுங்க ஒரு தட்டு நிறைய இருந்துச்சு. ராட்ரேன்னு ஒரு மேஸ்திரி, அதுல என் பேரப் பாத்துட்டு, 'பச்ச உடம்புக்காரி, கை நடுங்கியிருக்கும்'னு சோதிக்காமலே மொத்தத்தையும் கழிச்சுப்புட்டான். மறுநாள்லேர்ந்து என்ன அட்டப்பெட்டி மடிக்கப் போட்டாங்க. பத்தொம்பது வருஷம் மடிச்சேன்."

"அதுல ஒண்ண எடுத்துக்கிட்டீங்க."

"எடுத்துக்கிட்டேன். ஆனா சோதிக்கத் தைரியம் வரல. அவன் சொன்னது சரியா இருந்துட்டா? எழுபத்தாறு ஆச்சு, இனிமே பயந்து என்னடா ஆகப்போகுது. போடு."

நான் கால்களை மெல்ல நேராக்கினேன். பிறையை ஜன்னலைப் பார்த்து வைத்து நெம்புகோலை இறக்கி, சுவிட்சைப் போட்டேன்.

சில்லு ஓடவில்லை என்று சொல்லும் சிவப்பு விளக்கு எரிந்தது. சில்லில் விரலை வைத்தேன், சுட்டது. சட்டென்று அணைத்துவிட்டு, ஜன்னல் பக்கம் திரும்பினேன். எப்போதும் எதிரே இருக்கும் அது இன்று என் முதுகுக்குப் பின்னால் இருந்தது; மேசையோடு பெட்டியும் திரும்பியிருக்கிறது.

சில்லைத் தலைகீழாகச் செருகி மின்சாரம் கொடுத்திருக்கிறேன். இருபது வருடமாகப் புதிதாக வருகிறவர்களை நான் திட்டித் தீர்க்கும் அதே பாவம்.

இஷ்பெல் சிவப்பு விளக்கு இருந்த இடத்தையே பார்த்துக்கொண்டிருந்தார். பிறகு சிரித்தார். "ராட்ரே சரியாத்தான் சொல்லியிருக்கான்போல. நானும் ஒரு பொணத்த நாப்பது வருஷமா டப்பால வச்சுக் காப்பாத்தியிருக்கேன்."

"விடும்மா, ஒரு கேக் சாப்பிடு," என்றார் ட்ரம்மண்ட்.

நான் பேசாமலிருந்தால் யாருக்கும் தெரியப்போவதில்லை. செத்த சில்லும் உயிருள்ள சில்லும் பார்வைக்கு ஒன்றுதான். இஷ்பெல் சில்லை எடுத்து டப்பாவில் வைத்து மூடப் போனார். கம்பி ஒட்டிய அந்த விரல்களைப் பார்த்ததும் தாங்க முடியவில்லை.

"அது பொணம்னு சொல்லாதீங்க. முன்னாடியே செத்திருந்துச்சான்னு இனிமே தெரியாது. நான்தான் தலைகீழாப் போட்டுக் கொன்னுட்டேன். மேச திரும்பியிருக்கு, நான் ஜன்னலப் பாத்துப் போட்டேன்."

இஷ்பெல் டப்பாவைக் கீழே வைத்தார்.

"மடையா," என்றார் இஷ்பெல்.

"ஆமா."

"வாய்க்கு வாய் 'ஓட்டிப் பாருங்க, ஓட்டிப் பாருங்க'ன்னு கழுத்த அறுத்தியே, மடப்பயலே!"

"ஆமா."

இன்னும் நாலு வசவு விழுந்தது, அதையெல்லாம் அச்சில் போட முடியாது. ட்ரம்மண்ட் தட்டோடு சமையலறைக்கு நழுவிவிட்டார். மூச்சு வாங்கி நின்ற இஷ்பெல், சில்லை என் பக்கம் தள்ளினார். "மூடியத் திற," என்றார்.

என் காதை நம்ப முடியவில்லை. அவர் கட்சியில் தங்க மூடியைப் பெயர்ப்பதைவிடக் கோயிலை இடித்துவிடலாம்.

"செத்ததுதானே? உசுரோட இருந்தவரைக்கும் இத நான் செஞ்சிருக்க மாட்டேன். கம்பிய ஊசியால தூக்கி இழுக்கணும். நடுவுல அறுந்தா ஒட்டு நல்லது. அடி பேந்து வந்தா ஒட்டினவ கை சரியில்ல. ராட்ரே செய்யாம விட்டது இந்தச் சோதனையத்தான்."

சூடான காற்றைப் பாய்ச்சி மூடியை நெகிழ்த்தி எடுத்தேன். சில்லுகளின் மேலுள்ள பொடி எழுத்துகளைப் படிக்க வைத்திருக்கும் மைக்ராஸ்கோப்பின் அடியில் சில்லை வைத்தோம். இஷ்பெல் ஊசியை எடுத்தார். வயதுக் கை, ஊசி முனை கிடுகிடுவென்று ஆடியது. அதை என்னிடம் நீட்டினார்.

"நீ இழு. நான் பாத்துச் சொல்றேன்."

அவர் கண்ணை மைக்ராஸ்கோப்பில் வைத்துக்கொண்டார். நான் அதோடு இணைத்திருந்த சின்னத் திரையைப் பார்த்தபடி இழுத்தேன்.

"ஒண்ணு... நடுவுல." கொஞ்சம் நின்று, "ரெண்டு. நடுவுல."

மூன்றாவதை இழுக்கவே வேண்டியிருக்கவில்லை. நான் பாய்ச்சிய மின்சாரமே அதை உருக்கி அறுத்திருந்தது, அதுவும் நடுவில். இரண்டு அடியும் அசையாமல் உட்கார்ந்திருந்தன. "உன் வேலையும் உருப்படியாத்தான் இருக்கு," என்றார் தலையைத் தூக்காமல்.

பத்துக்குப் பிறகு அவர் சத்தமாக எண்ணவில்லை, உதடு மட்டும் அசைந்தது. ட்ரம்மண்ட் திரும்பி வந்து எங்கள் பின்னால் நின்றார். முப்பத்தெட்டு. முப்பத்தொன்பது. நாற்பதாவது கம்பியைத் தூக்கினேன். விண்ணென்று நின்று, நடுவில் அறுந்தது.

"ஒரு அடிகூடப் பேந்து வரலைங்க," என்றேன்.

"தெரியும்டா," என்றார் இஷ்பெல். "நான் ஒட்டினதுதானே."

அதைச் சொல்லிவிட்டு, கண்ணை மைக்ராஸ்கோப்பிலிருந்து எடுக்காமலே அழுதார்.