பெட்டியில் போட்ட விலை

வெட்டு மேசை மீது மருத்துவமனைப் படுக்கை விரிப்புக்கான வெள்ளைத் துணி கிடந்தது. அதன் மேலேயே வழக்குக் கட்டை விரித்துவைத்திருந்தாள் வக்கீல் நாத்தனார். உலகத்திலேயே அவளுக்குக் கட்டணம் தராத ஒரே கட்சிக்காரன் அவள் தம்பிதான். அதைச் சொல்லிக் காட்டியே மூன்றாவது டீயை வாங்கிவிட்டாள்.

"நாளைக்கு நமக்கு இருக்கிறது ஒரே வாதம்தான் தம்பி. ஆஸ்பத்திரி விரிப்பு டெண்டர்ல எல்லார் முன்னாடியும் விலையைப் பிரிச்சு வாசிச்சாங்க, நம்ம விலைதான் குறைச்சல். அப்புறம் காரணமே சொல்லாம டெண்டரை ரத்து பண்ணிட்டு, புதுசா கூப்பிடுறாங்க. நம்ம விலைதான் ஊருக்கே தெரிஞ்சு போச்சே, இனி எவனும் ஒரு ரூபா கீழே போட்டு அள்ளிட்டுப் போயிடுவான். அந்த ரத்தை நாம ஒத்துக்கல. அதனாலதான் புது டெண்டர்ல நாம விலையே போடல. சரிதானே?"

"சரிதான்கா," என்றான் தம்பி.

மூலையில் ஓரம் அடித்துக்கொண்டிருந்த அவன் மனைவியின் மெஷின் நின்றது.

"அண்ணி, ஒருவேளை போட்டிருந்தா?"

"ரத்தை ஏத்துக்கிட்டீங்களேன்னு அரசு வக்கீல் எழுந்து ஒரே வரியில கேஸை முடிச்சிடுவார். ஏன்டி கேக்குற?"

"நேத்து சாயங்காலம் போட்டுட்டேன்."

பட்டறை அவள் பெயரில் பதிவானது. டெண்டரில் கையெழுத்திடுவதும் அவள்தான். எனவே யாரிடமும் கேட்க வேண்டிய அவசியம் அவளுக்கு இருக்கவில்லை. கேட்டிருக்கலாமே என்பதுதான் கணவன் முகத்தில் தெரிந்தது.

"ஒரே வீட்டுல இருக்கோம். ஒரு வார்த்தை சொல்லக்கூடாதா?"

"எங்க சொல்றது? கேஸ் போட்டதிலிருந்து நியாயம், நியாயம்னு அதையே பேசுறீங்க. சம்பளம்னு நான் வாயெடுத்தா முகத்தைத் தூக்கி வச்சுக்கிறீங்க. இதோ, துணி வெட்டுற கத்தரி அண்ணனே வேற பட்டறையில வேலை கேட்டுட்டு வந்திருக்கார். அவர் போனா பின்னாலயே எல்லாரும் போயிடுவாங்க. கேஸ் தோத்தா நம்ம கையில என்ன இருக்கும்?"

"எவ்வளவு போட்ட?"

சொன்னாள். அவன் எழுந்தே விட்டான்.

"இந்த விலைக்கு எப்படி முடியும்? துணியில கை வச்சியா?"

"நோயாளி படுக்கிற துணியில நான் கை வைப்பேனா? நம்ம ரெண்டு பேர் கூலியைக் கழிச்சுட்டேன். ஒரு வருஷம்தானே, எப்படியாவது ஓட்டிடலாம்னு நினைச்சேன்."

எழுந்தவன் அப்படியே உட்கார்ந்தான். திட்டுவதற்கென்று எடுத்த மூச்சு வேறெங்கோ போய்விட்டது.

நாத்தனார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தாள். "புருஷன் பொண்டாட்டி சண்டையை அப்புறம் வச்சுக்குங்க. டெண்டர் பெட்டி இன்னிக்கு மூணு மணிக்கு மூடுது. அதுக்குள்ள இவளே போய் எழுதிக் கொடுத்தா உறையைப் பிரிக்காமத் திருப்பித் தரணும். ஆனா எடுத்துட்டா, கேஸ் தோத்தா ஒண்ணுமே மிஞ்சாது. விட்டா கேஸ் மிஞ்சாது. யோசிச்சுச் சொல்லுங்க."

"இருக்கட்டும்கா," என்றான் அவன் மெதுவாக. "கேஸை விட்டுடலாம். இவ இவ்வளவு தூரம் பயந்திருக்கா. எனக்கு அது தெரியவே இல்ல."

மேசையின் மறுபக்கம் வெட்டுக்காரர் அதுவரை தலையைக் குனிந்தே நின்றிருந்தார். அவரைத்தான் எல்லோரும் 'கத்தரி அண்ணன்' என்பார்கள். "அம்மா, ஒரு நிமிஷம். நான் வேலை கேட்டது எனக்கில்ல, என் மச்சானுக்கு."

"அதை நம்ம பட்டறையிலேயே கேக்க வேண்டியதுதானே?"

"அவன் தைக்கிற லட்சணத்துக்கு இங்க சேர்த்தா என் மானம் போயிடும்மா. அதான் எதிரிக்குப் பார்சல் பண்ணலாம்னு போனேன்."

நாத்தனார்தான் முதலில் சிரித்தாள். தம்பி மனைவிக்குச் சிரிப்பும் அழுகையும் சேர்ந்து வந்தன. முந்தானையால் முகத்தைத் துடைத்துக்கொண்டு கணவன் பக்கம் திரும்பினாள்.

"எடுத்துடலாங்க. இப்ப கூலியை விட்டுக் கொடுத்தா, அடுத்த தடவையும் ரத்து பண்ணிட்டு இன்னும் இறங்குன்னு சொல்வாங்க. எத்தனை தடவை இறங்குறது?"

பெட்டி மூடுவதற்குள் இருவரும் ஓடிப் போய்ச் சேர்ந்தார்கள். "போடத்தான் ஓடி வருவாங்க, எடுக்கவுமா?" என்று முனகிக்கொண்டே குமாஸ்தா உறையைத் தேடிக் கொடுத்தார்.

மறுநாள் நீதிமன்றத்தில், விலை போட்டதையும் திரும்ப எடுத்ததையும் நாத்தனாரே முதலில் சொல்லிவிட்டாள். மறைத்து மாட்டிக்கொள்வதைவிட அதுவே மேல் என்பது அவள் கணக்கு. வந்ததில் குறைந்த விலையே அதிகம் என்பதால் ரத்து செய்தோம் என்றார் அரசு வக்கீல். 'அப்படி எந்தக் கோப்பில் எழுதியிருக்கிறது?' என்று நீதிபதி கேட்டார். அரசு வக்கீல் பின்னால் நின்ற அதிகாரியைப் பார்த்தார். அதிகாரி தன் செருப்பைப் பார்த்தார். காரணத்தை எழுத்தில் தாக்கல் செய்யும்வரை புது டெண்டரைத் திறக்கக் கூடாது என்று உத்தரவானது.

தாழ்வாரத்துக்கு வந்ததும் தம்பி மனைவி பட்டறைக்குப் போன் செய்தாள். மெஷின் சத்தத்தில் கத்தரி அண்ணனுக்கு ஒன்றும் கேட்கவில்லை. உரக்கச் சொன்னாள். அந்தப் பக்கம் மெஷின்கள் ஒவ்வொன்றாக நின்றன. பிறகு ஒரே கூச்சல்.

"இன்னும் ஜெயிக்கலன்னு சொல்லு," என்றான் கணவன், அவள் தோளருகே குனிந்து.

சொன்னாள். அங்கே யாரும் அதைக் காதில் வாங்கிக்கொள்ளவில்லை.